விரல் காட்டுங்க, பாஸ்

மன்னிப்பு கேக்கணுமா? யாரு, நானா?

சரி கேப்டன். ஓட்டுப் போட்டு உங்களை ஊர்த் தலைவர் ஆக்கின பாவத்துக்கு இதையும் கேட்டாச்சு. பேஸ்கட்பால் கோர்ட்டுல ஊரையே கூட்டி, மைக்கையும் என் கையில குடுத்துட்டீங்க. முழுசாப் பேசிட்டுத்தான் திருப்பித் தருவேன்.

பொம்பளப் பிள்ளைக்குச் சேவல் சண்டைக் களத்துல என்ன வேலைன்னு கேட்டீங்க. அப்பாவுக்குச் சோறு கொண்டுபோனேன். எங்கப்பா டோமெங் அங்க இருபத்தாறு வருஷமா கிறிஸ்தோ. சிலுவையில தொங்குறவர் மாதிரி ரெண்டு கையையும் விரிச்சு நின்னு, கூட்டத்துக்கிட்ட பந்தயம் பிடிக்கிற வேலை. சீட்டு கிடையாது, பேனா கிடையாது. யார் எந்தப் பக்கத்துக்கு எத்தனை விரல் காட்டினாங்கன்னு மண்டையிலயே வச்சிருப்பார். தோத்தவன் நோட்டைக் கசக்கி வீசுவான். நாலு கை மாறி வந்தாலும் ஒரு தாள் குறையாது. நம்ம நகராட்சியில ரசீது போட்ட பணமே பாதிதான் வந்து சேருது!

அடுத்தது, பாஸ் அன்செல்மோவை நான் அவமானப்படுத்திட்டேனாம். ஐயோ பாவம். சேவல் களம் அவரோடது. செல்போன் சூதாட்டக் கம்பெனி அவரோடது. மணிலாவுல கேசினோவும் அவரோடது. இப்ப திடீர்னு நம்ம மேல பாசம் பொங்கி மேயருக்கு நிக்கிறார். நாம குடுத்துவச்சவங்க.

வெள்ளிக்கிழமை சர்ச்சுல, ஃபாதர் முன்னாடி, பைபிள் மேல கை வச்சுக் கையெழுத்துப் போட்டார். "உங்க கடலோர வீடு நூத்தி நாப்பதுல ஒண்ணைக்கூடத் தொடமாட்டேன். கேசினோ ஓட்டலை வேற எங்கயாவது கட்டிக்கிறேன்."

எல்லாரும் கை தட்டினோம். நானும்தான் தட்டினேன், மறைக்கல.

சனிக்கிழமை காலையில நாலு பேர் அளக்குற டேப்போட வந்து எங்க கதவுல சிவப்பு பெயின்ட்ல நம்பர் போட்டாங்க. "புயல் வந்தா தண்ணி எவ்வளவு ஏறும்னு பாக்கறாங்கம்மா"ன்னு சொன்னது யாரு? நீங்கதான். நல்லா இருங்க.

ஞாயித்துக்கிழமை, முதல் சேவலை இறக்குறதுக்கு முன்னாடி பாஸ் களத்து நடுவுல நின்னு மைக் பிடிச்சார்.

"முப்பது வருஷத்துல இங்க நான் காட்டின விரலை ஒரு தடவையாவது மடக்கியிருக்கேனா?"

"இல்ல!"

"அந்த வாக்கைத்தான் மேயர் நாற்காலிக்கும் கொண்டுவர்றேன்!"

அது பொய் இல்ல கேப்டன். களத்துல அவர் யாரையும் ஏமாத்தினதில்ல. அங்க ஏமாத்தினவன் கை கால் முழுசா வெளிய வர முடியாதுங்கிறது வேற விஷயம்.

அதனாலதான் எந்திரிச்சேன். "பாஸ், அப்ப ஒரு பந்தயம்!"

சிரிச்சார். "யாரு, டோமெங் மக மேரிவிக்கா? காலேஜ்ல இதைத்தான் சொல்லித் தர்றாங்களா?"

"நீங்க மேயர் ஆனா எங்க வீடுங்களை இடிப்பீங்கன்னு நான் கட்டுறேன். இடிக்கமாட்டேன்னு நீங்க கட்டுங்க. நான் தோத்தா காலேஜை விட்டுட்டு ஆயுசு முழுக்க உங்க சேவல் கூண்டைக் கழுவுறேன். நீங்க தோத்தா இந்தக் களம் எங்களுக்கு."

மேல் வரிசையிலேர்ந்து ஒரு ஆள் கத்தினான், "விடாதீங்க பாஸ்! இடிக்கிறதும் விடுறதும் உங்க கையில. தோக்கவே முடியாத பந்தயம்!"

"கட்டுங்க பாஸ்! கட்டுங்க!" மொத்தக் கூட்டமும் சேர்ந்துக்கிச்சு.

"அதான் சர்ச்சுல கையெழுத்தே போட்டாச்சேம்மா. கடவுளே சாட்சி."

"கடவுள் இருக்கட்டும் பாஸ். விரல் காட்டுங்க."

அவர் வலது கை என்ன பண்ணுச்சு தெரியுமா? பேன்ட் பாக்கெட்டுக்குள்ள போயிடுச்சு. பைபிள் மேல ஜம்முனு உக்காந்திருந்த அதே கை!

அப்பா சோத்து டப்பாவை மூடி வச்சுட்டு எந்திரிச்சார். அறையத்தான் போறார்னு நினைச்சேன். ரெண்டு கையையும் விரிச்சார்.

"இடிக்கமாட்டார்! இடிக்கமாட்டார் பக்கம் யாரு?"

ஆயிரம் பேர் இருந்த இடத்துல சேவல் மட்டும்தான் கூவுச்சு. ஒரு விரல் எந்திரிக்கல.

"இடிப்பார் பக்கம்?"

அம்மாடி! எங்க திரும்பினாலும் விரல்.

அன்னைக்கே அப்பாவுக்கு வேலை போச்சு. நான் மன்னிப்பு கேட்டா திரும்பக் கிடைக்கும்னு பாஸ் சொல்லி அனுப்பிச்சதா சொன்னீங்க. சோத்து விஷயம் ஆச்சே, அப்பாகிட்டயே கேட்டேன்.

"கேக்கறதும் கேக்காததும் உன் இஷ்டம் பாப்பா. ஆனா அன்னைக்குக் காட்டின விரல் ஒண்ணுகூட எனக்கு மறக்கல"ன்னு சொல்லிட்டு, வரிசை வரிசையா ஒப்பிச்சார்.

மூணாவது வரிசை, தூணுக்குப் பக்கத்துல. பாஸ் மூஞ்சி போட்ட டி-சர்ட். யாரும் பாக்காத மாதிரி முழங்காலுக்கிட்ட ஒரு கை. அஞ்சு விரலும் கீழ்நோக்கி. கீழ காட்டின விரல் ஒண்ணுக்கு ஆயிரம் பெசோன்னு இங்க கைக்குழந்தைக்கும் தெரியும்.

ஏன் கேப்டன், டி-சர்ட்டை இழுத்து விடுறீங்க?

இந்தாங்க மைக். நான் மன்னிப்பு கேக்கறேன், சத்தியமாக் கேக்கறேன். அதுக்கு முன்னாடி இத்தனை பேர் முன்னாடியும் நீங்க ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. இடிப்பார்னு அஞ்சாயிரம் கட்டினீங்களே, என்ன தெரிஞ்சு கட்டினீங்க?