பதில் வரவில்லை

ஒரு கம்ப்யூட்டருக்குள் ஓர் அறிவிப்புப் பெட்டி இருந்தது. உள்ளே வேலை செய்பவர்களில் யார் அசையாமல் நின்றுவிட்டாலும் திரைக்கு ஓடிப்போய், "பதில் வரவில்லை. காத்திருக்கவா, மூடிவிடவா?" என்று கேட்பதுதான் அதன் வேலை. மனிதரிடம் பேச அதற்குத் தெரிந்ததும் அவ்வளவுதான்.

அன்று எழுதும் பக்கம் அப்படியே நின்றுபோனது. பெட்டி அதைப் பிடித்து உலுக்கியது.

"ஏம்ப்பா, என்ன ஆச்சு உனக்கு?"

"ஒண்ணும் ஆகலண்ணே," என்றது பக்கம், மூச்சு வாங்க. "தணிகைவேல் சார் தங்கச்சிக்கு லெட்டர் எழுதியிருக்கார். ஒன்பது வருஷமாப் பேச்சே கிடையாது. அடிச்சு அழிச்சு, இப்பத்தான் 'தப்பு என் மேலதாம்மா'ன்னு முடிச்சு சேவ் கொடுத்தார். எழுத்தெழுத்தா உள்ளே இறக்கிட்டிருக்கேன். கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்கண்ணே."

பெட்டி திரைக்கு ஓடியது. சொல்ல எவ்வளவோ இருந்தது. வாயைத் திறந்தால் வந்தது அதே பாட்டுதான்: "பதில் வரவில்லை. காத்திருக்கவா, மூடிவிடவா?"

தணிகைவேல் உச்சுக்கொட்டினார். மூடச் சொல்லி அழுத்தினார்.

மறுபடி திறந்தபோது பக்கம் வெள்ளைவெளேரென்று வந்து நின்றது.

"வணக்கம்ண்ணே, நீங்க யாரு? சார் என்ன எழுதப் போறார்?" என்று பெட்டியைப் பார்த்துச் சிரித்தது.

பெட்டி திரைப் பக்கம் திரும்பிக்கொண்டது.

தணிகைவேல் அந்த வெள்ளையையே வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். தங்கையின் பெயரை அடித்தார், அழித்தார். பிறகு பக்கத்தை மூடினார்.

இந்தமுறை அவர் சொன்னவுடன் அது மூடிக்கொண்டது. பெட்டிக்கு வேலையே இருக்கவில்லை.