பையில் ஒரு மைக்கறை

சினிமாவுக்குத் துணி வாடகைக்கு விடும் கடைக்கு ஒரு நிஜப் பள்ளிக்கூடச் சட்டை வந்து சேர்ந்தது. தவமணி எட்டாவதோடு நின்றுவிட்டதால், அவள் அம்மா அதைப் பழைய துணிக்குப் பிளாஸ்டிக் குடம் தருகிறவனிடம் போட்டுவிட்டாள். கடைசிப் பரீட்சையில் பேனா கக்கிய மைக்கறை அதன் பையில் இருந்தது. தான் படித்ததற்கு அது ஒன்றுதான் சாட்சி என்று சட்டை அதைப் பொத்திப் பொத்தி வைத்திருந்தது.

பக்கத்தில் தொங்கிய சினிமாச் சட்டை கழுத்தை நொடித்தது. "எட்டாவதுதானா? நான் இருபத்திரண்டு படத்துல பிளஸ் டூ!"

"ஐயோ! அத்தனை தடவையும் ஃபெயிலா அக்கா?"

"அடி போடி. வகுப்புக்குப் போனாத்தானே ஃபெயிலாக? சைக்கிள் ஸ்டாண்டுல நிப்போம், மழையில நனைவோம், மணி அடிச்சா பாட்டு வந்துடும்."

"கணக்கு வாத்தியார்?"

"அவர் வழுக்கி விழறதுக்கு வருவார்."

மறுநாள் இயக்குநர் வந்தார். இந்தப் படத்தில் எல்லாமே நிஜமாக இருக்க வேண்டும் என்று சொல்லி, தவமணியின் சட்டையை எடுத்தார். சட்டைக்குப் பெருமை பிடிபடவில்லை.

"இதென்ன அசிங்கமா ஒரு கறை? வெளுத்துக் கொண்டு வாங்க" என்றார்.

மருந்து போட்டு வெளுத்து, கஞ்சி போட்டுத் தேய்த்துக் கொண்டுவந்தார்கள். இயக்குநர் தள்ளி நின்று பார்த்தார்.

"ஏதோ குறையுதே. பையில கொஞ்சம் மை வைங்க. படிக்கிற பொண்ணுன்னு தெரியட்டும்."

ஒப்பனைக்காரர் பிரஷ்ஷால் அழகாக ஒரு கறை வரைந்தார். சினிமாச் சட்டைக்கு மனசு நிறைந்துவிட்டது.

"இப்பத்தான்டி நீ பள்ளிக்கூடம் போனவ மாதிரி இருக்கே" என்றது.