ஞாயிறு ஒன்பது மணி பஸ்

மூன்றாவது ஞாயிறும் தனபால் பலாபத்வல சந்தியில் பஸ்ஸை விட்டு இறங்கியபோது, அழகமுத்துவுக்கு அழுகையே வந்துவிட்டது.

அழகமுத்துவின் தம்பி சிவநேசனைக் கொன்றுவிட்டுப் பத்து வருடம் உள்ளே இருந்தவன் தனபால். வெளியே வந்த பிறகு வாராவாரம் பொலிஸில் கையெழுத்து வைக்க வேண்டும். போன இரண்டு ஞாயிறும் அழகமுத்து அவனை வெட்டிக் கொன்று, மிளகுத் தோட்டத்தில் ஆழமாகத்தான் புதைத்திருந்தார். இடுப்பு வலிதான் மிச்சம். அடுத்த ஞாயிறு அதே கோடு போட்ட சட்டையோடு வந்து நிற்கிறான்.

"ஒனக்கு ரோசமே இல்லையாடா?"

"நான் என்னண்ணே செய்ய? கையெழுத்து வைக்காட்டி திரும்பப் புடிச்சி உள்ள போட்டுருவாங்க."



"செத்துப் போற எடத்துல தம்பியப் பாத்தியா?"

"பாத்தேண்ணே. எங்கிட்ட பேச மாட்டாரு. பசியில இருக்காரு போல."

தனபால் கையெழுத்து வைத்துவிட்டு வருவதற்குள் அழகமுத்து வீட்டுக்குப் போய்ச் சோறாக்கினார். பருப்புக் கறியில் பச்சைமிளகாய் கீறிப் போட்டார். மத்தியானம் மூன்றாவது குழியை மூடுவதற்கு முன், சாப்பாட்டுப் பெட்டியை அவன் கையிடுக்கில் வைத்தார்.

அடுத்த ஞாயிறு ஒன்பது மணி பஸ்ஸில் தனபால் பெட்டியோடு இறங்கினான். அழகமுத்து அங்கேயே மூடியைத் திறந்தார். ஒரு பருக்கை சோறு இல்லை. சிவநேசன் சின்ன வயதிலிருந்து ஒதுக்குவதுபோல, பச்சைமிளகாய் மட்டும் ஓரமாக ஒதுக்கப்பட்டிருந்தது.