வாலில் வந்த வேன்

“இன்னிக்கு நிச்சயம் நின்னுடும், பார்த்துக்கோ மாப்ள.”

“கிளம்பின நாள்லேருந்து இதையேதான் சொல்றீங்க மச்சான். பெத்த பொண்ணோட கார் நடுவழியில படுத்துக்கணும்னு வேண்டிக்கிற ஒரே அப்பா நீங்கதான்!” பிஸ்கட்டைக் கடித்தபடி சிரித்தான் மச்சினன்.

மெக்கானிக் கோபப்படவில்லை. உண்மைதானே!

குழந்தைகள் மருத்துவமனை ஒன்றுக்கு நிதி திரட்டும் கார்ப் பயணம் அது. எல்லாம் காயலான் கடைக்குப் போக வேண்டிய கார்கள். இரண்டு நாட்டு எல்லையைத் தாண்டி ஓட்டிப் போய், காரையும் மருத்துவமனைக்கே கொடுத்துவிட்டு விமானத்தில் திரும்பிவிடுவார்கள். வழியில் மக்கர் செய்யும் கார்களைச் சரிபார்க்க, கூட்டத்தின் வாலில் மெக்கானிக்கின் பட்டறை வேன். அந்த வேனின் ஸ்டீயரிங்கை, கட்டின பெண்டாட்டியின் தம்பிக்குக்கூட அவர் கொடுத்ததில்லை.

முன்னால் போகும் நீலக் கார் மகளுடையது. அவளே பிரித்து அவளே பூட்டியது.

மூன்று வருஷத்துக்கு முன்னால் பட்டறையில், வாடிக்கையாளர் எதிரிலேயே, “உன் கை பட்ட வண்டி தெருமுனையைத் தாண்டாது” என்று நாக்கில் நரம்பில்லாமல் சொல்லிவிட்டார். ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டுப் போனவள்தான். அப்புறம் பேச்சு வார்த்தை இல்லை. ஃபோன் செய்து மன்னிப்புக் கேட்க அவருக்கு வாய் வரவில்லை. கார் நின்றால் போதும். குனிந்து வேலை பார்த்துக்கொண்டே, அவள் முகத்தைப் பார்க்காமலே, சொன்னது தப்பும்மா என்று சொல்லிவிடுவார்.

“மச்சான், நின்னுடுச்சு!”

சாலையோரம் நீலக் கார். பானெட் திறந்திருந்தது. கையைக் கட்டிக்கொண்டு வேனையே பார்த்தபடி மகள்.

மெக்கானிக் பிரேக்கை மிதித்தார். வேனைத் தள்ளியே நிறுத்தினார்.

“இறங்குங்க. இதுக்குத்தானே தவம் கிடந்தீங்க?”

“வேண்டாம்டா. நான் சொன்ன மாதிரியே நின்னுடுச்சுன்னு வேடிக்கை பார்க்க வந்திருக்கேன்னு நினைப்பா. நீ போ. யார் கேட்டாலும் நீ மட்டும்தான் வந்தேன்னு சொல்லு. நான் இருக்கேன்னு மூச்சு விடாதே!”

சொல்லிவிட்டு, வேனின் பின்பக்கம் அடுக்கியிருந்த ஸ்பேர் டயர்களுக்கு நடுவே போய்ப் பதுங்கினார்.

மச்சினன் சீக்கிரமே திரும்பினான். “இன்ஜின் சூடாயிடுச்சாம். ஆறினதும் போயிடுவாளாம்.”

மறுநாளும் கார் நின்றது. அதற்கடுத்த நாளும் நின்றது. அப்போதும் அவர் டயர்களுக்கு நடுவேதான். மச்சினனும் அதே பதிலோடுதான் வந்தான். மூன்றாம் தடவை அவள் பானெட்டை அறைந்து சாத்திய சத்தம் வேனுக்குள் வரை கேட்டது. இன்னும் கோபம் தீரவில்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார். ராத்திரி தங்கிய முகாம்களிலும் அவர் வேனை விட்டு இறங்கவில்லை.

பயணம் முடிந்தது. மருத்துவமனை வாசலில் கார்கள் வரிசையாக நின்றன. ஓட்டி வந்தவர்களை ஏற்றிக்கொண்டு பஸ் விமான நிலையத்துக்குக் கிளம்பியது. ஜன்னலோரம் மகள். அவர் தூண் மறைவில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒப்படைக்கும் முன் எல்லாக் கார்களையும் சோதிப்பது அவர் வேலை. நீலக் காரின் பானெட்டைத் தூக்கினார். எங்கேயும் ஒரு சொட்டுக் கசிவு இல்லை. அட, என்ன வேலை செய்திருக்கிறாள்! நெஞ்சு நிறைந்துவிட்டது. சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ரேடியேட்டருக்கென்று டிக்கியில் வைத்திருந்த தண்ணீர் கேன் சீல்கூட உடைக்காமல் அப்படியே இருந்தது.

“மாப்ள, இந்த இன்ஜின் சூடே ஆகலைடா! அப்புறம் எதுக்கு மூணு தடவை நின்னா? உன்கிட்ட என்னதான் பேசினா?”

மச்சினன் தலையைச் சொறிந்தான்.

“நீங்கதானே மூச்சு விடாதேன்னீங்க... அதான் நான் மட்டும்தான் வந்தேன்னு சொல்லிட்டேன். மூணு தடவையும் அவ கேட்டது ஒண்ணேதான் மச்சான்: ‘இந்த வேனை அப்பா யார் கையிலயும் குடுக்க மாட்டாரே மாமா... உள்ள இருக்காரா?’”