படகில் போகும் கிளைமாக்ஸ்

திருட்டுப் படம் பார்த்த வீட்டில், அதன்பிறகு எந்தப் படம் போட்டாலும் கிளைமாக்ஸுக்கு முன் நின்றுவிடும். சட்டம் அப்படி.

தலைதீபாவளிக்கு வந்திருந்த மருமகன் இளம்பரிதி எடிட் செய்த படத்தை, மாமனார் செல்வநாயகம் முறையாகச் சந்தா கட்டித்தான் போட்டார். அப்படியும் நின்றது.

"நெட் போயிருச்சு போல, மாப்ள."

"இருக்கும், மாமா. மிச்சத்தை நான் சொல்லிடறேன்," என்றான் இளம்பரிதி, தரையைப் பார்த்தபடி. "கடைசியில ஹீரோயின் ரயிலேறிப் போயிடறா."

"ரயிலா? படகுலதானே போவா?" செல்வநாயகம் வாய்தவறிக் கேட்டுவிட்டார்.

அவர் மனைவி எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள்.

"படகு சீனை ரிலீசுக்கு முன்னாடியே எடுத்துட்டோம், மாமா. அது இருக்கிற காப்பி என் கம்ப்யூட்டர்லேருந்து திருடு போனது. அதுலதான் என் வேலை போச்சு."

மாப்பிள்ளைக்கு வேலையில்லை என்று சொந்தக்காரர்களிடமெல்லாம் குறைப்பட்டுக்கொண்டவர் செல்வநாயகம்தான்.