கல்வெட்டுத் துணி

மேலகரத்தில் புது நூலகத் திறப்பு விழா. கல்வெட்டை மூடியிருந்த பாலியெஸ்டர் திரையைக் கழற்றிவிட்டு, தான் நெய்த துணியைக் கட்டிக்கொண்டிருந்தார் அப்துல் ஜப்பார்.

"ஒரு நிமிஷத்துல விலக்கப்போற திரைக்கு இவ்வளவு மெனக்கெடணுமா பாய்?" என்றார் விழாக்குழுச் செயலாளர் குமரகுரு.

"இங்கிலீஷ்ல 'ரிவீல்'னா என்ன தம்பி?"

"வெளிப்படுத்துறது. இல்லாட்டி, ரகசியத்தைச் சொல்லுறது."

"அதெல்லாம் பெறவு வந்த அர்த்தம். லத்தீன்ல 'வேலம்'னா திரைத்துணி. அதை விலக்குறதுதான் ரிவீல். துணி இல்லன்னா அந்த வார்த்தையே இல்ல."

குமரகுரு சிரித்தார். "தறியில உக்காருத ஆளுக்கு லத்தீன் யாரு சொல்லித் தந்தா?"

ஜப்பார் முடிச்சை இறுக்கிவிட்டுக் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தார்.

சிறப்பு விருந்தினர் மாஜிதா வந்தார். சென்னைக் கல்லூரியில் ஆங்கிலப் பேராசிரியை. கயிற்றை இழுக்கப் போனவர் சட்டென்று நின்று, துணியின் கரையை விரலால் தடவினார். பிறகு கூட்டத்துக்குள் தேடினார்.

"நம்ம தறியா வாப்பா?"

ஜப்பார் எழுந்து நின்றார். குமரகுருவைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"ஆமாம்மா. மெதுவா இழு, எல்லாரும் பாக்கட்டும்."