பத்தாவது வரி

"பத்தாவது வரி சொல்லு" என்றாள் மனைவி லரீசா.

"என், கா, இ, பே, எம், ஷா..." என்று கண் பரிசோதனைப் பலகையின் எழுத்துகளைப் பார்க்காமல் ஒப்பித்த ரோதியோனுக்கு நெற்றி வியர்த்தது. முப்பத்து நான்கு வருடம் பாராசூட் படையில் குதித்துக் குதித்தே ஜெனரல் ஆனவர். இன்று அந்தப் பரிசோதனையில் தேறினால் ஒரு படை டிவிஷனின் தலைமை அவர் கைக்கு வரும். தவறினால் ஓய்வுதான்.

"போன தடவை மைதானம்னு நினைச்சு மரத்து மேல இறங்கினியே!" என்றாள் அவள் கவலையோடு.

"காத்து தள்ளிடுச்சுன்னு எழுதிக் கொடுத்தாச்சு. நீ வாயைத் திறக்காதே."

ராணுவ ஆஸ்பத்திரியில் டாக்டர் ஷுபின் குச்சியை எடுத்தார். எழுத்துப் பலகையைப் பார்த்து ஜெனரல் தொண்டையைச் செருமினார்.

"அது வேண்டாம், தோழர் ஜெனரல். பக்கத்துப் பலகையில வளையங்கள் இருக்கு பாருங்க. இந்த வளையத்துல பிளவு எந்தப் பக்கம்?"

வளையமே தெரியவில்லை. "மேலே... இல்ல, இடது பக்கம்" என்றார்.

டாக்டர் குச்சியைக் கீழே வைத்தார்.

"இத்தனை வருஷமா எழுத்தைத்தானேய்யா கேட்டீங்க? இன்னைக்கு மட்டும் ஏன் இது?" என்றார் ஜெனரல்.

டாக்டர் தயங்கினார். "காலையில ஒரு அம்மா போன் பண்ணாங்க. 'எழுத்தைக் கேக்காதீங்க டாக்டர், ஒரு வாரமா நானே உக்கார வச்சு சொல்லிக் கொடுத்திருக்கேன். பதவி போனாப் போகட்டும், எனக்கு மனுஷன் வேணும்'னு அழுதாங்க."

வராந்தாவில் லரீசா தலைகுனிந்து நின்றிருந்தாள். ஜெனரல் அவள் எதிரே போய் நின்றார். பிறகு கையை நீட்டினார்.

"வீட்டுக்குக் கூட்டிட்டுப் போ."